சாந்தன்பாறைக்குப் போன சோளமூட்டை

இத எழுதாம விட்டரலாம்னுதான் இருந்தேனுங்க. வாயில சொன்னா ஒரு டீ ஆறறதுக்குள்ள முடிஞ்சு போற சமாச்சாரம். எழுதறதுன்னா ஒரு எடத்துல குந்தோணும், எந்த ல, எந்த ளன்னு யோசிக்கோணும். ஒம்பதாவதுலயே பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் ஒத்துக்காமப் போச்சு. ஆனா போன வாரம் எங்கூரு டீக்கடையில ஒருத்தரு இதே கதைய, என்னமோ அவரே மலைக்குப் போய்ட்டு வந்த மாதிரி சொல்லிட்டிருந்தாரு. அவரு கதையில நானு சமையக்காரன்கூட இல்லீங்க, மூட்டை தூக்கறவன். அது பொறுக்காமத்தான் எழுதறேன்.

நானு மணி. எலப்புள்ளிக்காரன், கோயமுத்தூருக்கு மேக்கால. கல்யாணச் சமையல் செட்டுல இருக்கறேன். செட்டுன்னா ஒரு மாஸ்டரு, அவருக்குக் கீழ ஒரு பத்துப் பேரு. அந்தப் பத்துல நானு கடைசிக்குப் பக்கத்துல. தேங்கா திருவறது, அண்டா கழுவறது, மாஸ்டரு அக்கட்ட திரும்பறப்ப வடை திங்கறது, இதெல்லாம் என்ற டிப்பார்ட்மெண்டு. பாண்டின்னு ஒருத்தன் ரெண்டு வருஷம் கோயமுத்தூர்ல என்ற கூட இதே வேலை பாத்தான். அவனுக்குச் சொந்த ஊரு மலைமேல இருக்கற சாந்தன்பாறை. இப்ப அங்கயே குரியாச்சன்னு ஒரு மொதலாளியோட ஏலக்காத் தோட்டத்துல இருக்கறான். தோட்டத்துக்குள்ள ஒரு பங்களா, டூரிஸ்டுக தங்கற எடம். பாண்டி மொதல்ல செடிக்கு மருந்தடிச்சுட்டு இருந்தவன். பங்களாச் சமையக்காரரு கல்ஃப்புக்குப் போனதும், ஆளு கெடைக்கற வரைக்கும் பாத்துக்கடான்னு கரண்டிய இவங்கிட்ட குடுத்துட்டாங்க.

ஒரு நா பொழுது போகாம தக்காளிச் சோத்தப் படம் புடிச்சு 'நைஜீரியா ஜோலாஃப்'னு ஸ்டேட்டஸ் போட்டேனுங்க. மக்காநாளு சப்பாத்திய ரெண்டா மடிச்சு உள்ள பொரியல வெச்சு 'மெக்சிகோ டாக்கோ'ன்னு போட்டேன். பாத்தவங்க எல்லாரும் சிரிச்சாங்க. பாண்டி ஒருத்தன்தான் நம்புனான்.

அவனே கூப்புட்டான். "மாப்ள, ஒரு ஒதவிடா. இங்கிட்டு ஒரு சோடி வந்து தங்கியிருக்காக. வீட்டுக்காரரு மெக்சிகோ, அந்தம்மா நைஜீரியா. சனிக்கிழம அவுகளுக்குக் கல்யாண நாளு. ரெண்டு ஊரு ருசியும் ஒரே சாப்பாட்டுல வேணுமாம். எங்க மொதலாளிகிட்ட ஒன்னப் பத்திச் சொல்லிப்புட்டேன்."

"என்னன்னு சொன்ன?"

"கப்பல்ல குக்கா இருந்தவன்னு."

"கேப்டன்னே சொல்லியிருக்கலாமேடா"ன்னேன். கப்பல நானு பாத்தது கொச்சிக்கு ஒரு கல்யாணத்துக்குப் போனப்ப. அதுவும் தூரமா நின்னுச்சு.

"வெளையாடாதடா"ன்னான் பாண்டி. "கோட்டயத்துலருந்து ஒரு பையன், ஓட்டல் படிப்பெல்லாம் படிச்சவன், திங்கக்கிழம வேலைக்கு வாரானாம். சனிக்கிழம விருந்து நல்லா அமைஞ்சா அவன வேணாம்னுட்டு அடுப்படிய எங்கிட்டயே விட்டுர்றேன்னு மொதலாளி சொல்லியிருக்காரு. இல்லன்னா மறுபடி மருந்துக் கேனத் தூக்கணும். அந்த மருந்து வாடைக்கு ராவெல்லாம் இருமுறேன், ஒனக்குத் தெரியும்ல."

தெரியும். கோயமுத்தூர்ல பக்கத்துப் பாயில படுத்திருந்தவன் நானுதானே. வர்றேன்னுட்டேன்.

போன்ல வீடியோ பாத்தேன். மெக்சிகோக்காரங்க ரொட்டிக்கு மக்காச்சோளத்த சுண்ணாம்புத் தண்ணியில ஊறப்போட்டு, தோலுரிச்சு, ஆட்டி, தட்டிச் சுடறாங்க. வெத்தலைக்குப் போடற அதே சுண்ணாம்பு. நம்மூர்ல சோளம்னா மாட்டுக்கும் கோழிக்கும். எங்க பக்கத்து ஊட்டு அண்ணன் தீவனத்துக்கு வெச்சிருந்ததுல ஒரு சின்ன மூட்டை கேட்டேன். "எத்தன மாடுடா?"ன்னாரு. "ரெண்டுங்ணா, வெளிநாட்டு ஜாதி"ன்னேன்.

வெள்ளிக்கிழமை காலையில பூப்பாறையில எறங்கறப்ப மூட்டை பாதியாயிருச்சுங்க. சாக்குல ஒரு ஓட்டை. மலையில வளைவுக்கு வளைவு சோளம் பஸ்ஸுக்குள்ள உருண்டு ஓடியிருக்குது. கண்டக்டரு அதுமேல கால வெச்சு வழுக்கி, ஒரு பெரியவரு மடியிலயே குந்திட்டாரு. பெரியவரு ஒண்ணுஞ் சொல்லல. கண்டக்டருதான் எறங்கற வரைக்கும் சொன்னாரு. நானு துண்டைக் கிழிச்சு ஓட்டைய அடைச்சுட்டு, சீட்டுக்கடியில கையுட்டுக் கெடச்சத அள்ளிப் போட்டேன்.

அங்கிருந்து ஜீப்பு. தோட்ட வேலைக்குப் போற பொம்பளைங்க பதினஞ்சு பேரு, நானு, மூட்டை. எங்கூர்ல ஒரு ஜீப்புல எட்டுப் பேரு ஏறுனா போலீஸு நிறுத்தும். இங்க எட்டுப் பேரு ஏறுனா ஜீப்பு காலியா போகுதுன்னு டிரைவரு வெசனப்படறாரு.

பக்கத்துல செல்லக்கனின்னு ஒரு அக்கா. அவங்களும் குரியாச்சன் தோட்டத்துக்குத்தான் வேலைக்கு வர்றாங்க. மூட்டைய ஒரு தட்டுத் தட்டிப் பாத்தாங்க.

"மாட்டுக்கா கோழிக்கா?"

"மனுசனுக்குங்க. வெளிநாட்டு மனுசனுக்கு."

"ஏன், அவுகளுக்குச் சோறு போட மாட்டாகளா?"

எல்லாரும் சிரிச்சாங்க. நானு பேசறதக் கேட்டு இன்னொருத்தி, "இதென்ன இவுக வார்த்தைக்கு வார்த்த 'ங்க' போடுதாக, கல்யாணத்துக்குக் கூப்புட வந்த மாதிரி"ன்னா. திருப்பிச் சொல்ல வாயத் தொறந்தேன், ஜீப்பு நின்னுருச்சு.

வளைவுக்கு அப்பால ஆனை. ஒத்தையா, ரோட்டோரம் நின்னு புல்லப் புடுங்கிட்டிருந்துச்சு. நானு மூட்டைக்குப் பின்னால தலையக் குனிஞ்சுட்டேன். அவங்க யாரும் அலட்டிக்கல. டிரைவரு எஞ்சின அணைச்சுட்டு பீடி பத்த வெச்சாரு. பொம்பளைங்க மத்தியானத்துக்குக் கொண்டாந்த சோத்துத் தூக்கத் தொறந்துட்டாங்க. செல்லக்கனியக்கா புளிச்சோத்துல ஒரு உருண்டை என்ற கையில வெச்சாங்க. ஆனைய வேடிக்கை பாத்துட்டே புளிச்சோறு தின்னது இந்தப் பயணத்துல மொதல் விருந்துங்க. காரம் நெம்ப நல்லாருந்துச்சு. தின்னுட்டு அவங்க இடுப்புச் சுருக்குப்பையத் தொறந்து, ஒரு சின்ன அலுமினிய டப்பியில சுண்ணாம்ப நகத்தால எடுத்து வெத்தலையில தடவுனாங்க. அதயும் பாத்தேன். பாத்து என்ன பண்றது, மண்டையில ஏறோணுமே.

குரியாச்சன் அறுவது வயசு ஆளு, வெள்ளை முண்டு, வெள்ளை மீசை. அவரு பேசறது மலையாளம், நானு தமிழ்லயே போட்டர்றேன். வந்ததும் என்னய மேலயும் கீழயும் பாத்தாரு.

"கப்பல்ல எத்தன வருஷம்?"

"கரைக்கு வந்தப்பறம் கணக்கு வெச்சுக்கறதில்லீங்க."

பின்னாடி பாண்டி இருமுனான். மருந்து இருமல் இல்ல, வேற இருமல்.

விருந்தாளிங்க ரெண்டு பேரும் வெளிய வந்தாங்க. அவருக்குப் பேரு ராவுல். ஒயரங் கம்மி, எப்பவும் சிரிச்ச மொகம். அந்தம்மா பேரு எங்கோசி, அவர விட ஒரு சாண் ஒயரம். குரல் கல்யாண மண்டபத்துல கடைசிப் பந்தி வரைக்கும் கேக்கும். அவங்க இங்கிலீசுல சொல்ல, குரியாச்சன் மலையாளத்துல சொல்ல, எனக்குப் புரிஞ்சத தமிழ்ல எழுதறேன். நடுவுல ஏதாச்சும் உதிர்ந்திருந்தா, சாக்குல சோளம் உதிர்ந்த மாதிரி நெனச்சுக்கோங்க.

அடுக்களைக்குப் பொறகால ஒரு மொளகாச் செடி. உருண்டையா, சுருங்கி, குட்டிப் பூசணி மாதிரி மொளகா. இந்தப் பக்கம் இதுக்கு மாலி மொளகான்னு பேரு. எங்கோசியக்கா அதப் பறிச்சு மோந்து பாத்துட்டு, "இது எங்கூரு மொளகா"ன்னாங்க. ராவுலு வாங்கி மோந்துட்டு, "இல்ல, எங்கூருது"ன்னாரு. ரெண்டு பேரும் மாத்தி மாத்தி மோந்துட்டு நின்னாங்க. குரியாச்சன், "செடி என்னுது"ன்னாரு.

அப்பத்தான் எனக்கு ஒரு வழி தெரிஞ்சுதுங்க. வீடியோவுல ரெண்டையும் பாத்திருக்கறேன்ல. ஜோலாஃப் சோத்துக்குத் தக்காளி, வெங்காயம், செவப்புக் கொடமொளகா, இந்த மொளகா அரைக்கறாங்க. மெக்சிகோ ரொட்டிக்கு மேல ஊத்தறதுக்குத் தக்காளி, வெங்காயம், மொளகா தீயில சுட்டு அரைக்கறாங்க. எல்லாத்தயும் தீயில வாட்டி ஒரே அரைப்பா அரைச்சுட்டா? பாதி சோத்துக்குள்ள, பாதி ரொட்டிக்கு மேல. பாண்டிகிட்ட சொன்னேன். "வேலைய மிச்சம் புடிக்கத்தான இப்புடி யோசிக்க"ன்னான். அதுவுந்தான்.

சாயங்காலம் சோளத்துல பாதிக்கு மேல அளந்து எடுத்து, வேக வெச்சு எறக்குனேன். "சுண்ணாம்பு கொண்டாடா"ன்னேன். பாண்டி ஷெட்டுக்குப் போயி ஒரு தகர டின்னுல கொண்டாந்தான். வெள்ளையா, பொடியா, நல்லாத்தான் இருந்துச்சு. ஒரு போசியில, எங்கூர்ல பாத்திரத்துக்கு அதான் பேரு, சோளத்தோட சுடுதண்ணியில கலக்கி, மூடி வெச்சுட்டுப் படுத்தோம். அங்க குளுரு வேற. எங்கூர்ல இந்நேரம் பேன் காத்தே சுடும். இங்க ரெண்டு கம்பளி போத்தியும் பல்லு தாளம் போடுது. கப்பல்ல இப்புடிக் குளுராதான்னு பாண்டி கேட்டுட்டே தூங்கிட்டான்.

சனிக்கிழமை காலையில சத்தங் கேட்டு எந்திரிச்சு ஓடுனேன். அடுக்களையில குரியாச்சன் போசிய மூடி தொறந்து வெச்சுட்டு நிக்கறாரு. பக்கத்துல காப்பி டம்ளரோட ராவுலு. அவரு மொகத்துல அப்புடியொரு சந்தோசம்.

சோளம் நீலமா இருந்துச்சுங்க. மயிலு கழுத்துல கொஞ்சம் சுரண்டிப் போட்ட மாதிரி.

"எங்கூர்ல நீலச் சோளம்தான் ஒசத்தி"ன்னாரு ராவுலு. "ரொட்டி நீலமா வரும். இது இங்க கெடைக்கும்னு நெனைக்கவே இல்ல. எம் பொண்டாட்டிகிட்ட சொல்லாதீங்க, அவளுக்கு ராத்திரி காட்டிக்கலாம்."

குரியாச்சன் பாண்டியோட தோள்ல கைய வெச்சாரு. "கொள்ளாம்." அவரு வாயில கொள்ளாம்னு வந்தா, நம்ம வாயில பத்து தடவ பிரமாதம்னு வந்த மாதிரி. "கோட்டயத்துப் பையனுக்குப் போன் பண்ணி வரவேண்டாம்னு சொல்லிடறேன். இனி அடுக்களை உன்னுது."

நானு சோளத்தப் பாத்தேன். மஞ்சச் சோளம் ராத்திரில நீலமாகறதுக்கு அது என்ன நெறம் மாறற கோயில் சிலையா. பாண்டியப் பாத்தேன். பாண்டி ஷெட்டப் பாத்துட்டிருந்தான். அந்த மூணு பார்வையில வெளங்கிருச்சு. ஏலக்காச் செடிக்கு அழுகல் வராம இருக்கத் துரிசும் சுண்ணாம்பும் கலக்கி அடிப்பாங்க. துரிசுன்னா அந்த நீலக் கல்லு, வெசம். ரெண்டையும் அள்ளறது ஒரே கொட்டாங்கச்சியில. சுண்ணாம்பு டின்னுல துரிசுத் தூளு எத்தன நாளா விழுந்து கெடந்துச்சோ, தண்ணி பட்டதும் மேல வந்துருச்சு. ஏலக்காத் தோட்டத்துல போயி சுண்ணாம்புன்னு கேட்டா வேற எந்தச் சுண்ணாம்பு வரும்? வெத்தலைக்குப் போடறதுன்னு நானாச்சும் சொல்லியிருக்கோணும். சொல்லல.

மொதலாளி கை இன்னும் பாண்டி தோள்லதான் இருக்குது. நானு வாயத் தொறக்கறதுக்குள்ள அவன் குனிஞ்சு போசியத் தூக்கிட்டான்.

"மொதலாளி, இது துரிசு. மருந்து டின்னு. நாந்தான் தெரியாமக் கொண்டாந்தேன்."

ராவுலுக்குப் புரியல. குரியாச்சன் இங்கிலீசுல சொன்னதும் காப்பி டம்ளர கீழ வெச்சுட்டு ரெண்டடி பின்னால போனாரு. குரியாச்சன் கைய எடுத்தாரு.

"கப்பல்ல இருந்தவனுக்கு இதுகூடத் தெரியலயா?"

பாண்டி அதயும் சொல்லிட்டான். "இவன் கப்பல் ஏறுனதே இல்ல மொதலாளி. கோயமுத்தூர்ல கல்யாண மண்டபத்துல தேங்கா திருவுனவன்."

"வெங்காயமும் உரிச்சிருக்கறனுங்க"ன்னேன்.

குரியாச்சன் கத்தல. கத்தியிருந்தாத் தேவல. "கோட்டயத்துப் பையன் திங்கக்கிழமை வரட்டும்"னுட்டு, ராவுலக் கூட்டிட்டுப் போயிட்டாரு.

நாங்க ரெண்டு பேரும் தோட்டத்துக்குக் கடைசியில குழி தோண்டி, கோழி கெளறாத ஆழத்துல அதக் கொட்டி மூடுனோம். போசியையும் மருந்து ஷெட்டுக்கே குடுத்துட்டோம். பாண்டி மம்முட்டிய நட்டு வெச்சுட்டு, "நீ கெளம்புடா, பஸ்ஸு கெடைக்கும்"ன்னான்.

"சோளம் மிச்சம் இருக்குதுடா. பொழுது சாயறதுக்குள்ள ஊறிரும்."

"எதுக்குடா? அதான் போச்சே."

"உனக்குப் போச்சு. அவங்களுக்குக் கல்யாண நாளு போகலியே. அதுவுமில்லாம என்னய தேங்கா திருவுனவன்னு சொல்லிட்ட. அப்புடியே எப்புடிடா ஊருக்குப் போவேன்?"

நானு கீழ எறங்கி, ஏலக்கா எடுத்துட்டிருந்த செல்லக்கனியக்காகிட்ட போயி சுண்ணாம்பு கேட்டேன்.

"எதுக்கு?"

"சோளத்துக்குங்க."

"அடப் பாவமே. வெத்தலையும் வேணுமா அதுக்கு?"ன்னுட்டு டப்பிய அப்புடியே குடுத்தாங்க. பக்கத்து வரிசையில இருந்த மூணு பேரும் அவங்கவங்க டப்பியில இருந்து வழிச்சுக் குடுத்தாங்க. அந்த நாளு பூரா நாலு பேரும் சுண்ணாம்பு இல்லாத வெத்தலைதான் மென்னாங்க. மத்தியானம் அடுக்களைப் பக்கம் வந்து, "எங்க சுண்ணாம்பு வெந்துருச்சா?"ன்னு எட்டிப் பாத்துட்டுப் போனாங்க. பாண்டி அப்பத்தான் மொத மொறையா மொகத்த நிமித்துனான்.

விருந்து வேணாம்னு யாரும் சொல்லாததுனால, சமைக்கறதுக்கு மதியத்துலயே எறங்குனோம். எங்கோசியக்கா ஒரு மனையப் போட்டு அடுக்களையிலயே குந்திட்டாங்க. காலையில நடந்தது அவங்களுக்குத் தெரியுமோ தெரியாதோ, கேக்கல. கோழிக்கு என்ன போடோணும்னு பாதி இங்கிலீசுலயும் பாதி கையாலயும் சொன்னாங்க: வறுத்த கடலை, சுக்கு, மொளகாத்தூளு, உப்பு, எல்லாம் பொடிச்சு கோழித் துண்டுல பெரட்டி, குச்சியில கோத்து, கனல்ல வாட்டோணும். "இட்லிப்பொடிய கோழிக்குப் போடறாங்கடா"ன்னு பாண்டிகிட்ட சொன்னேன். அவன் பொடிச்சு, ஒரு சிட்டிகை நக்கிப் பாத்துட்டு, இன்னொரு சிட்டிகையும் நக்குனான்.

நேந்திரம்பழத்த மாவு முக்காம சும்மாவே எண்ணெயில போட்டு எடுத்தோம். மாவில்லாத பழம்பொரி. அவங்கூர்லயும் அப்புடித்தான், வீட்டுக்காரரு ஊர்லயும் அப்புடித்தானாம். பட்டர் புரூட்டு, அதாங்க அவகாடோ, அங்க காட்டு மரம் மாதிரி காய்ச்சுத் தொங்குது. ராவுலு வந்து தானே நாலு பழத்தப் பெசஞ்சு, வெங்காயமும் எலுமிச்சையும் போட்டு வெச்சாரு. காலையில நடந்ததுக்கு அவரு மொகத்துல கோவம் இல்ல. என்னயப் பாத்து கையால அலை மாதிரி ஆட்டி, கப்பல் போற மாதிரி காட்டுனாரு. அவருக்கும் சேதி போயிருக்குது. நானும் தேங்கா திருவற மாதிரி காட்டுனேன்.

குரியாச்சன் நடுவுல ஒரு தடவ எட்டிப் பாத்தாரு. ஒரு கைப்பிடி ஏலக்காய மேசையில வெச்சாரு. "இது போடாம இந்த ஊட்டுல இருந்து சாப்பாடு போனதில்ல." அவ்வளவுதான், போயிட்டாரு. எனக்குக் கை துறுதுறுங்குது. கல்யாணச் சமையல் கை, அரிசியப் பாத்தா பட்டை, கிராம்பு, ஏலக்கான்னு தானாப் போகும். ஆனா எங்கோசியக்கா கண்ணு என்ற கையிலயே இருந்துச்சு. அவங்க சொன்னது தைம்னு ஒரு தழையும் பிரிஞ்சி எலையும் மட்டும்தான். ஏலக்கா போட்டா அது பிரியாணிக்குத் தம்பியாயிரும். ஏலக்காய அப்பறம் கட்டஞ்சாயாவுல, பாலில்லாத டீயில, போட்டுக்கலாம்னு எடுத்து வெச்சேன்.

பொழுது சாய சோளம் கைக்கு வந்துச்சு. தேச்சதும் தோலு வழுக்கிட்டு போகுது. மஞ்சளாவே இருந்துச்சு, அதப் பாத்து நானு பட்ட சந்தோசம் மஞ்சளுக்கே தெரியாது. கிரைண்டர்ல ஆட்டுனா ஒரு வாசம் வந்துச்சு பாருங்க, மழை பேஞ்ச மண்ணு மாதிரி. ராவுலு அந்த வாசத்துக்கு எங்கிருந்தோ ஓடி வந்து, மாவ ஒரு உருண்டை உருட்டி மோந்துட்டே நின்னாரு. ரொட்டி அமுக்கற மெஷினு நம்மகிட்ட எங்க? வாழை எலையில போளி, எங்கூர்ல ஒப்புட்டு, தட்டற மாதிரி வெரலால தட்டித் தட்டி தோசைக்கல்லுல போட்டேன். மொத ரெண்டு மூணு கிழிஞ்சுது. அப்பறம் வட்டம் வந்துச்சு. ராவுலும் தட்டுனாரு. அவருது என்னுத விட மோசமா இருந்துச்சு, அதச் சொல்லவும் சொன்னேன்.

இந்தக் கூத்துல ஜோலாஃப மறந்துட்டோம்.

வெறகு அடுப்புல பெரிய போசி. அரைப்ப வதக்கி, அரிசியப் போட்டு, மூடி, தீயக் கொறைக்கறேன்னு சொன்னவன் பாண்டி. கொறைச்சியான்னு கேக்காதவன் நானு. வாசம் மூக்குல ஏறுனப்பத்தான் ரெண்டு பேரும் திரும்புனோம். தீஞ்ச வாசம்.

கல்யாணச் சமையல்ல அடிப்புடிக்கறதுன்னா என்னன்னு வெளிய இருக்கறவங்களுக்குத் தெரியாதுங்க. சோறு பத்தலீன்னாக்கூட சமாளிச்சரலாம். அடிப்புடிச்சா, அந்த ஆளு பேரே மாறிப் போகும். எங்க செட்டுல ஒருத்தன் ஒரே ஒரு தடவ அரிசியத் தீய விட்டான். இன்னிக்கும் அவனுக்குப் பேரு 'கரி'. அவன் கல்யாணப் பத்திரிகையிலயே அப்புடிப் போட்டரலாம்னு பேசுனாங்க. அதனால எங்க கைக்கு ஒரு பழக்கம். அடிப்புடிச்சா சத்தமில்லாம, கரண்டி அடியில படாம, மேல் சோத்த மட்டும் வேற போசிக்கு மாத்தோணும். தீஞ்ச போசியில ஒடனே தண்ணிய ஊத்தி, யாரு கண்ணுலயும் படாம பொறகால வெக்கோணும்.

அதத்தான் செஞ்சோம். நானு சோத்த மாத்தறேன், பாண்டி தண்ணிக் கொடத்தத் தூக்கறான். வாசப்படியில குரியாச்சன். அவரும் வாசம் புடிச்சுத்தான் வந்திருக்கறாரு. காலையில துரிசு, இப்ப இது. பாண்டி கொடத்தோட அப்புடியே நின்னுட்டான். அவன் மொகத்துல கேன் தூக்கப் போற மொகம் வந்துருச்சு.

"ஊத்தாத!"

எங்கோசியக்கா. அவங்க குரலுக்குப் பாண்டி கொடத்தக் கீழயே வெச்சுட்டான். விறுவிறுன்னு வந்து போசிக்குள்ள எட்டிப் பாத்தாங்க. சட்டுவத்த எடுத்து அடியச் சொரண்டுனாங்க. கருஞ்செவப்பா, பொறுக்கு பொறுக்கா வந்துச்சு. வாயில போட்டுக் கண்ண மூடுனாங்க. அப்பறம் என்னயப் பாத்துத் திட்ட ஆரம்பிச்சாங்க. குரியாச்சன் மெதுவா மொழி பேத்து சொன்னாரு.

"அடிய விட்டுட்டு எதுக்கு மேல் சோத்த மாத்தறீங்கன்னு கேக்கறா. அவங்கூர்க் கல்யாணத்துல வெறகுல வெச்சு, அடிப்புடிச்சு, இந்தப் பொகை வாசம் சோத்துல ஏறுனாத்தான் அது விருந்துச் சோறாம். இல்லீன்னா ஊட்டுல ஆக்குன சோறுன்னு சொந்தக்காரங்க மொகத்தச் சுளிப்பாங்களாம். ஒரு வாரமா இந்த ஊர்ல எல்லாரும் தீயாம சமைக்கறாங்கன்னு வருத்தத்துல இருந்தாளாம்."

நானும் பாண்டியும் ஒருத்தர ஒருத்தர் பாத்தோம். 'கரி'ங்கறவன நைஜீரியாவுல பெத்திருக்கோணும். அங்க பெரிய மாஸ்டரா இருந்திருப்பான்.

எங்கோசியக்கா மேல் சோத்தத் திருப்பி அதே போசியில கொட்டி, பொகையோட மூடி வெச்சாங்க. பாண்டிய நிக்க வெச்சு, மூடி மேல கைய வெக்கச் சொல்லி, உள்ள வர்ற சத்தத்தக் கேளுன்னாங்க. சலசலன்னா இன்னும் வேகுது, படபடன்னா அடி புடிக்குது, சத்தம் நின்னா இன்னுங் கொஞ்ச நேரம் வெச்சு எறக்கிரு. பாண்டி காதச் சாச்சு, மந்திரம் கேக்கற மாதிரி கேட்டுட்டு நின்னான்.

பங்களா வாசல்ல பெரிய மேசை. ரொட்டி, அதுக்குள்ள கடலைப்பொடி போட்ட கோழி, மேல அந்த ஒரே அரைப்பு, ஓரத்துல பட்டர் புரூட்டு, நேந்திரம்பழம், நடுவுல பொகைச் சோறு. ராவுலு ஜோலாஃப எடுத்து ரொட்டிக்குள்ள வெச்சு மடிச்சாரு. எங்கோசியக்கா அதப் புடுங்கித் தின்னுட்டு, இது எங்கூருச் சோறுன்னாங்க. எங்கூரு ரொட்டின்னாரு அவரு. மொளகாயப் பத்தி மறுபடி சண்டை. அப்பறம் ரெண்டு பேருமே காரத்துல மூக்க உறிஞ்சிட்டு, ஒரே துண்டால தொடச்சுக்கிட்டாங்க. எங்கூர்ல கல்யாண நாளுன்னா கோயிலுக்குப் போயிட்டு வந்து ஆளுக்கொரு போன நோண்டிட்டு குந்தியிருப்பாங்க.

செல்லக்கனியக்காவும் சுண்ணாம்பு குடுத்த மத்தவங்களும் ஜீப்பு வராததுனால அன்னிக்கு வேலைக்காரங்க தங்கற லைன் ஊட்டுலயே தங்கிட்டாங்க. அவங்களுக்கும் ரொட்டி போச்சு. "எங்க சுண்ணாம்பு ருசியாத்தான் இருக்கு"ன்னு சொல்லியனுப்புனாங்க.

குரியாச்சன் கடைசியாத்தான் குந்துனாரு. தட்டுல எல்லாத்துலயும் கொஞ்சம் வெச்சாரு. அந்த அடிப்புடிச்ச பொறுக்குல ஒண்ண எடுத்துக் கடிச்சாரு. கருக்குன்னு சத்தங் கேட்டுச்சு. மென்னாரு. பாண்டி கதவுக்குப் பின்னால நின்னு அவரு தாடையவே பாத்துட்டிருந்தான். கொள்ளாம்னு வரும், வரும்னு நானும் பாத்தேன். வரல. ஏலக்கா போட்ட கட்டஞ்சாயாவக் குடிச்சுட்டு, எந்திரிச்சு, கை கழுவிட்டுப் போயிட்டாரு.

ஞாயித்துக்கிழமை காலையில பாண்டி பைக்குல கொண்டாந்து பூப்பாறையில விட்டான். ராவுலு ஒரு தொப்பி குடுத்தாரு. எங்கோசியக்கா ஒண்ணும் குடுக்கல, தலையில கைய வெச்சு ஒரு ஆட்டு ஆட்டுனாங்க, கழுத்து இன்னும் வலிக்குது. பஸ்ஸுக்கு நின்னுட்டிருக்கறப்ப பாண்டிகிட்ட கேட்டேன், "மொதலாளி ஏதாச்சும் சொன்னாரா?"

"ஒண்ணுஞ் சொல்லல. ஷெட்டு சாவிய மட்டும் கேட்டு வாங்கிட்டுப் போனாரு."

"நல்லதுக்கா கெட்டதுக்கா?"

"மருந்து டின்ன மாத்துறதுக்கா இருக்கும்."

நீ நேத்துக் காலையில போசியத் தூக்காம இருந்திருந்தா அடுக்களை உன்னுதாயிருக்கும்லடான்னு கேக்க வாய் வரைக்கும் வந்துச்சு. எப்பவும் வாய்க்கு வந்ததச் சொல்லிப்போடறவன் நானு. அன்னிக்கு மட்டும் முழுங்கிட்டேன். பஸ்ஸு வந்துருச்சு. காலி சாக்கு ஒண்ணுதான் என்ற லக்கேஜு. அதே கண்டக்டரு. சாக்க ஒதறிக் காட்டச் சொல்லிட்டுத்தான் ஏத்துனாரு.

எலப்புள்ளி வந்து எறங்குனா அடிச்சுது பாருங்க வெயிலு, ரெண்டு நாளு குளுருக்கும் சேத்து. பக்கத்து ஊட்டு அண்ணன், "மாடுக தின்னுச்சாடா?"ன்னாரு. "மிச்சமே வெக்கலீங்ணா"ன்னேன்.

திங்கக்கிழமை பூரா போனையே பாத்துட்டிருந்தேன். கோட்டயத்துப் பையன் வர்ற நாளு. கூப்புட்டுக் கேக்க எனக்கு மனசு வரல, அவனும் கூப்புடல. பொழுது எறங்குனப்பறம் பொறுக்காம, "என்னடா, கரண்டியா, கேனா?"ன்னு மெசேஜு போட்டேன். நெம்ப நேரங் கழிச்சுப் பாண்டிகிட்ட இருந்து ஒரே ஒரு வரி வந்துச்சு:

"மொதலாளி ராத்திரிக்கும் அடிப்புடிச்ச சோறுதான் வேணுங்கறாரு, சத்தம் நின்னப்பறம் எம்புட்டு நேரம்டா வைக்கணும்?"